பதினான்கு வருடம் கழித்துத் திரும்பி வரும் குரல்: என் கதையின் ஒலித் தொழில்நுட்பம் தேறுமா?

மூன்றாம்யாமம்:

வணக்கம் நண்பர்களே. ஒரு வருடமாக ஒரு கதையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருக்கிறேன். பத்து அத்தியாயம் முடிந்த நிலையில், படித்துப் பார்த்த ஒரே ஆள் கேட்ட ஒரே கேள்வியில் மொத்தமும் ஆட்டம் கண்டுவிட்டது. "அந்தக் குரல் இத்தனை வருடம் எங்கே இருந்தது?" என்றார். என்னிடம் பதில் இல்லை, அதனால்தான் இங்கே வந்திருக்கிறேன்.

கதை நடக்கும் ஊர் முழை. மலையைக் குடைந்து உள்ளேயே வாழும் ஜனங்கள். எப்போதும் ஈரம், ஓலை தோல் துணி எதுவும் ஒரு மழைக்காலம் தாங்காது, கல்லில் வெட்டினாலும் பாசி பிடித்துப் பொரிந்துவிடும். அதனால் எழுதும் பழக்கமே அங்கே வளரவில்லை, அதற்குப் பதில் ஒலியைச் சேர்த்து வைக்கிறார்கள். மலைக்குள் புரிபுரியாகச் சுற்றிப் போகும் ஒரு கல்குழாய், பெயர் தேக்கி. ஒரு வாயில் பேசினால் குரல் உள்ளே சுற்றிச் சுற்றிப் போய், குறித்த காலம் கழித்து மறுவாயில் வெளியே வரும். உயில், அடமானம், சாட்சி எல்லாம் இப்படித்தான். குரல் வெளியே வரும் நாளில் ஊரே வந்து நிற்கும்.

வேணி என்ற பெண் தன் குடும்பத்தின் ஊற்றுப்பங்கு பற்றித் தேக்கியில் பேசிவிட்டு இறந்துபோகிறாள். பக்கத்து வீட்டுக்காரர் அந்தப் பங்கு தன்னிடம் அடகில் இருக்கிறது என்கிறார். பதினான்கு வருடம் கழித்து மகள் மறுவாயில் நின்று அம்மாவின் குரலைக் கேட்கிறாள், ஊரும் கேட்கிறது, குரலை அடையாளம் தெரிந்ததால் யாராலும் மறுக்க முடியவில்லை. இதுதான் உச்சக்காட்சி.

இன்னொன்றும் இருக்கிறது. மறுவீச்சு என்று ஓர் அறை. அங்கே எழுந்த ஓசையைப் பின்னிருந்து முன்னாக ஒலிக்கவிட்டால் அந்த அறைக்குள் மட்டும் காலம் பின்னால் போகும், உடைந்த பானை ஒட்டிக்கொள்ளும். இது கொஞ்சம் அதிகப்படி என்று எனக்கே தெரிகிறது. தேக்கி தேறுமா, மறுவீச்சைத் தூக்கிவிடலாமா, இரண்டையும் தயவு தாட்சண்யம் பார்க்காமல் சொல்லுங்கள்.

கூழாங்கல்:

தயவு தாட்சண்யம் வேண்டாம் என்று நீங்களே சொல்லிவிட்டதால் நேராகக் கணக்குக்கு வருகிறேன். காற்றில் ஒலி 20 டிகிரி வெப்பத்தில் நொடிக்கு சுமார் 343 மீட்டர் போகும். ஒரு நாளுக்கு ஏறக்குறைய 29,600 கிலோமீட்டர், ஒரு வருடத்துக்கு 1 கோடியே 8 லட்சம் கிலோமீட்டர். பதினான்கு வருடத்துக்குப் பெருக்கிப் பாருங்கள், 15 கோடிக்கு மேல் வருகிறது. பூமியிலிருந்து சூரியன் இருக்கும் தூரம் அது! உங்கள் மலைக்குள் அவ்வளவு நீளக் குழாயை எப்படிச் சுருட்டி வைத்தாலும் மலை மிஞ்சாது.

சரி, ஒலியை மெதுவாக்கலாமே என்று கேட்பீர்கள். மெதுவாக்கலாம். தண்ணீரில் ஒலி நொடிக்கு 1,480 மீட்டர் போகும், ஆனால் அதே தண்ணீரில் நூற்றில் ஒரு பங்கு பொடிக் காற்றுக்குமிழிகள் கலந்தால் வேகம் 100 மீட்டர் அளவுக்கு விழுந்துவிடும், அதாவது காற்றிலும் குறைவு, தண்ணீரிலும் குறைவு. நம்ப முடியாவிட்டால் ஒரு கோப்பை வெந்நீரில் காப்பித்தூளைப் போட்டுக் கலக்கி, உடனே கரண்டியால் கோப்பையின் அடியைத் தட்டிக்கொண்டே இருங்கள். முதலில் சுருதி இறங்கிக் கிடக்கும், குமிழிகள் மேலே வந்து உடைய உடைய சுருதி படிப்படியாக ஏறும். தூளோடு போன காற்று செய்யும் வேலை அது. ஆனால் குமிழித் தண்ணீர் ஒலியை விழுங்கியும் விடும், நாலடி தாண்டுவதற்குள் ஒன்றும் மிஞ்சாது.

சும்மா விட்டால் ஓசை எவ்வளவு நேரம் தங்கும் என்பதற்கும் ஓர் அளவு இருக்கிறது. ஸ்காட்லாந்தில் இன்ச்சின்டவுன் என்ற இடத்தில் மலைக்குள் வெட்டிய பழைய எண்ணெய்த் தொட்டி ஒன்றில், 125 ஹெர்ட்ஸ் ஒலிக்கு 112 நொடி எதிர்முழக்கம் பதிவானது. உலக சாதனையே அவ்வளவுதான். உங்களுக்கு வேண்டியது பதினான்கு வருடம்.

பழையவானொலி:

நீளக் குழாய் எதற்கு? வட்டமாகச் சுற்ற விட்டால் போதுமே. இதை ஏற்கெனவே செய்திருக்கிறார்கள், அதுவும் கணினியில்.

1949இல் கேம்பிரிட்ஜில் ஓடத் தொடங்கிய எட்சாக் என்ற கணினியின் நினைவகமே ஒலிதான். சுமார் ஒன்றரை மீட்டர் நீளக் குழாயில் பாதரசம், ஒரு முனையில் மின்துடிப்பை ஒலித்துடிப்பாக மாற்றி உள்ளே தள்ளுவார்கள், பாதரசத்தில் ஒலி நொடிக்கு 1,450 மீட்டர் போவதால் மறுமுனைக்கு வர ஆயிரத்தில் ஒரு நொடி ஆகும், வந்ததும் அதைப் பிடித்துக் கூர்தீட்டித் திரும்ப முதல் முனைக்கே அனுப்புவார்கள். சுற்றிக்கொண்டே இருக்கும் வரை நினைவு. மின்சாரம் போனால் அத்தனையும் போச்சு. 1951இல் வந்த யூனிவாக்கிலும் இதே பாதரசம்தான். பாதரசத்துக்குப் பதில் ஜின் சாராயத்தை ஊற்றலாம் என்று ஆலன் டூரிங் யோசனை சொன்னார், விளையாட்டாக இல்லை, தண்ணீரும் ஆல்கஹாலும் சரியான அளவில் கலந்தால் வெப்பம் ஏறி இறங்கினாலும் ஒலியின் வேகம் அவ்வளவாக மாறாது என்பதால்.

இதை உங்கள் மலைக்குக் கொண்டுவாருங்கள். 3.4 கிலோமீட்டர் வட்டக்குழாய், உள்ளே வெறும் காற்று, ஒரு சுற்றுக்குப் பத்து நொடி. குழாய்க்குள் ஒலி நல்ல தூரம் போகும், 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பாரிசில் பியோ என்ற விஞ்ஞானி 951 மீட்டர் குழாயின் இரு முனையிலும் ஆள் வைத்துத் தாழ்ந்த குரலில் பேசிக் காட்டியிருக்கிறார். அதனால் கிலோமீட்டருக்கு ஓர் ஆள், மொத்தம் நான்கு பேர், வருகிற ஒலியைக் கேட்டுப் புதிதாக எழுப்பி அனுப்பினால் தேக்கி ஓடும். பதினான்கு வருடத்தில் 4 கோடியே 40 லட்சம் சுற்று.

ஆனால் ஒரு சிக்கல். குரலை இப்படி அனுப்ப முடியாது. ஒருவர் கேட்டு இன்னொருவர் குரலில் திரும்பச் சொன்னால் முதல் சுற்றிலேயே அது வேணியின் குரல் இல்லை. எட்சாக் பிழைத்ததற்குக் காரணம் அதில் போனது துடிப்பு உண்டா இல்லையா என்பது மட்டும். உங்கள் ஆட்களும் அப்படித்தான் செய்ய வேண்டும், கையில் சின்னச் சுத்தி, தாளத்தில் ஒவ்வோர் இடத்துக்கும் ஒரு தட்டு அல்லது மௌனம். வந்த தட்டு கொஞ்சம் முன்னே பின்னே இருந்தாலும் அதற்குரிய இடத்தில் திருத்தி அடித்துவிடலாம், அதனால் பிழை சேராது.

மூன்றாம்யாமம்:

படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் கூரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சுத்தி, தாளம், நான்கு பேர், எல்லாம் பிரமாதம், ஆனால் குரல் போய்விட்டால் என் உச்சக்காட்சியே போய்விடுகிறதே. மகள் அம்மாவின் குரலைக் கேட்கிறாள் என்பதற்காகத்தான் இந்தக் கதையையே எழுத ஆரம்பித்தேன். தட்டுகளை வைத்துக்கொண்டு அழ முடியுமா?

சும்மா_ஒருவன்:

அட, கதைதானே. அந்தக் கல்லுக்கு அப்படி ஒரு குணம், குரலை விழுங்கி வைத்துக்கொள்ளும் என்று ஒரு வரி எழுதிவிட்டுப் போங்கள். யார் கால்குலேட்டரை வைத்துக்கொண்டு நாவல் படிக்கிறார்கள்? கூழாங்கல்லைத் தவிர. வாசகனுக்கு அந்தக் குழாய்வாயில் நிற்கும் பெண்ணின் முகம் தெரிந்தால் போதும். நீளம், வேகம், 125 ஹெர்ட்ஸ் எல்லாம் உங்கள் நோட்டுப் புத்தகத்தோடு இருக்கட்டும்.

அரைமாத்திரை:

சும்மா_ஒருவன் சொல்வதில் பாதி சரி. எண்கள் நாவலில் வர வேண்டியதில்லை. ஆனால் "கல்லுக்கு அப்படி ஒரு குணம்" என்றால் அப்புறம் எந்தக் கஷ்டத்தையும் அந்தக் கல்லே தீர்த்துவிடும், கதையில் யாருக்கும் வேலை இருக்காது. நான்கு பேர் கையில் சுத்தியோடு நிற்கிறார்கள் என்றால் அந்த நான்கு பேரும் உங்களுக்குப் பாத்திரங்கள்.

குரல் போகிறதே என்று வருத்தப்படாதீர்கள், எனக்கு அது லாபமாகத்தான் தெரிகிறது. உங்கள் பழைய வடிவத்தில் குரல் வந்ததும் வழக்கு முடிந்துவிடுகிறது, எதிராளி தலையைக் குனிந்துகொண்டு போகிறார், அவ்வளவுதான். இப்போது வேணி என்ன சொன்னாள் என்பது வரும், சொன்னது வேணிதான் என்பதற்குச் சாட்சி வராது. நடுவில் யாரோ மாற்றி அடித்திருக்கலாம். மகளே சந்தேகப்படலாம்.

அது மட்டுமில்லை, உண்மையான குரலே வந்தாலும் அடையாளம் அவ்வளவு உறுதி கிடையாது. பிரான்சில் ஸ்காட் தெ மார்ட்டின்வில் என்பவர் 1857இல் ஒலியைக் கரிப்புகை படிந்த தாளில் கோடாக வரையும் கருவிக்குக் காப்புரிமை வாங்கினார். கோட்டைக் கண்ணால் பார்ப்பதுதான் நோக்கம், திரும்பக் கேட்பது என்ற எண்ணமே அவருக்கு இல்லை. 1860இல் வரைந்த ஒரு பாட்டை 2008இல் ஆராய்ச்சியாளர்கள் கணினியில் ஒலியாக மாற்றினார்கள். ஒரு சிறுமி பாடுகிறாள் என்று உலகமே கேட்டு வியந்தது. பிறகு பார்த்தால் வேகம் இரண்டு மடங்கு தவறு! பாட்டுக்கோட்டின் பக்கத்திலேயே ஓர் இசைக்கவையின் (தட்டினால் ஒரே சீராக அதிரும் உலோகக் கவை) அதிர்வையும் நேர அளவுக்காக வரைந்திருந்தார், அதன் எண்ணிக்கையை அந்தக் காலத்து முறைப்படி படிக்காததால் வந்த குழப்பம். சரிசெய்து பாதி வேகத்தில் ஓட்டினால் அது ஓர் ஆண் குரல், பெரும்பாலும் அவருடையதே. நேரத்தைத் தவறாக எடுத்தால் சிறுமியும் கிழவரும் ஒன்றுதான். உங்கள் தேக்கியிலும் பக்கத்திலேயே ஓர் அளவுத்தட்டு ஓடிக்கொண்டிருக்க வேண்டும், குகையில் சொட்டும் நீரை அதற்கு வைத்துக்கொள்ளலாம்.

இன்னொரு விஷயம். முழைக்காரர்கள் நிமிடம், செகண்ட் என்று பேசினால் பல்லில் கல் கடிபடுகிறது. நம்மிடமே சொல் இருக்கிறதே. நொடி என்றாலே விரலை நொடிக்கும் ஓசைதான், காலத்துக்கு அளவாகவும் அதே சொல்தான். கண்ணிமைப்பது அல்லது விரல் நொடிப்பது ஒரு மாத்திரை, குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. ஓசையையும் காலத்தையும் ஒரே சொல்லில் கட்டிய இலக்கணம் கையில் இருக்கும்போது செகண்ட் எதற்கு?

கூழாங்கல்:

நான் நாவலே படிப்பதில்லை என்ற வதந்தியைப் பரப்ப வேண்டாம்.

மறுவீச்சைப் பற்றி யாரும் பேசவில்லையே. அதில் பாதி நிஜம். பாரிசில் மத்தியாஸ் ஃபிங்க் என்பவர் குழுவோடு 1990களிலிருந்து செய்துகாட்டி வருகிறார். ஓர் இடத்தில் எழுந்த ஒலியைச் சுற்றிலும் பல ஒலிவாங்கிகள் வைத்துப் பதிவுசெய்து, ஒவ்வொன்றும் தான் கேட்டதைப் பின்னிருந்து முன்னாக அதே இடத்திலிருந்து ஒலிபரப்பினால், அலைகள் வந்த வழியே திரும்பி, சுவரில் மோதியவை அதே சுவரில் மோதி, ஒலி எழுந்த அதே புள்ளியில் போய்க் குவியும். சிறுநீரகக் கல்லை நோக்கி ஒலியைக் குவிக்க இதைப் பயன்படுத்தும் ஆராய்ச்சியெல்லாம் நடந்திருக்கிறது. காலம் பின்னால் போகாது, பானை ஒட்டாது. ஆனால் சொல் சொன்ன வாய்க்கே திரும்பிப் போகும்.

இதற்கு நிபந்தனை ஒன்று உண்டு, அது உங்களுக்குப் பிடிக்கும் என்று நினைக்கிறேன். அறை மாறியிருக்கக் கூடாது. ஒரு பலகையை நகர்த்தியிருந்தால், காற்று வீசினால், குவிவது சிதறிப்போகும். ஆகவே பானை வித்தையை விட்டுவிட்டு, பேசியவர் எங்கே நின்று பேசினார் என்று கண்டுபிடிக்கும் அறையாக அதை வைத்துக்கொள்ளுங்கள். தன்மேல் பழி வரக்கூடாது என்று நினைப்பவன் செய்ய வேண்டியது ஒன்றுதான், இரவோடு இரவாக ஒரு முக்காலியை இடம் மாற்றி வைப்பது.

மூன்றாம்யாமம்:

முக்காலி! இதை எடுத்துக்கொள்கிறேன், அனுமதி கேட்கப்போவதில்லை. பானை போயிற்று, நல்லதுக்குத்தான்.

தேக்கிக்கும் சம்மதித்துவிட்டேன், தட்டுதான். பத்து நொடிச் சுற்றில் வேணியால் எவ்வளவு சொல்ல முடியும்? ஒரு பக்கத்துக்கு ஒரு பேச்சு எழுதி வைத்திருக்கிறேன்.

பழையவானொலி:

ஒரு பக்கமா? கிழியுங்கள்.

கையால் சுத்தி அடிப்பவர் நாள்முழுக்கத் தாளம் தவறாமல் அடிக்க வேண்டும் என்றால் நொடிக்கு ஐந்து இடம் என்று வைப்பதே அதிகம். கேட்ட பிறகு கை போனால் தாமதமாகிவிடும், தாளத்தோடு சேர்ந்தே போக வேண்டும். அப்படி வைத்தால் பத்து நொடிக்கு ஐம்பது இடம். நம் எழுத்து 247, எட்டு இடத்தில் தட்டும் மௌனமுமாக 256 விதம் வரும், அதனால் ஓர் எழுத்துக்கு எட்டு இடம். ஆறு எழுத்துக்கு நாற்பத்தெட்டு. மீதி இரண்டு இடம் தொடக்கம் எங்கே என்று காட்டுவதற்கு, ஏனென்றால் வட்டத்தில் தலையும் வாலும் தெரியாது. ஆக, வேணிக்கு ஆறு எழுத்து.

அப்புறம் வெப்பம். பத்து டிகிரி ஏறினால் ஒலியின் வேகம் நொடிக்கு 6 மீட்டர் கூடும், உங்கள் வட்டத்தில் அது ஏறக்குறைய ஓர் இடத்தின் அளவுக்குத் தட்டைத் தள்ளிவிடும். மலையின் ஆழத்தில் வருடம் முழுவதும் வெப்பம் அவ்வளவாக மாறாது என்பது உங்களுக்குச் சாதகம். ஊர் பெருகி, குழாய்க்குப் பக்கத்தில் அடுப்புகள் பெருகினால் பாதகம்.

சும்மா_ஒருவன்:

எழுதும் பழக்கமே இல்லாத ஊரில் 247 எழுத்து எங்கிருந்து வந்தது? நானும் கணக்குக் கேட்க ஆரம்பித்துவிட்டேன் பாருங்கள்.

அரைமாத்திரை:

நல்ல கேள்வி, ஆனால் எழுத்து என்றால் வரிவடிவம் மட்டும் இல்லை, ஒலிவடிவமும் எழுத்துதான். வரைந்து பார்க்காமலேயே ஒலிகளை எண்ணி வரிசைப்படுத்தி வாய்ப்பாடாக ஒப்பித்துவிடலாம், அதற்கு ஓலை வேண்டாம். முழைக் குழந்தைகள் அகர வரிசையைச் சுத்தியால் தட்டித்தான் படிப்பார்கள்.

ஆறு எழுத்து என்றதும் எனக்குக் கை அரித்தது, முயன்று பார்த்தேன். "அடகு இல்லை." அ, ட, கு, இ, ல், லை, சரியாக ஆறு.

கூழாங்கல்:

பொறுங்கள், இதைத் தட்டிப் பார்த்தேன். உயிரெழுத்துகளை வரிசையாக எண்ணினால் இ மூன்று, எ ஏழு. மூன்று என்பது ஆறு மௌனம், அப்புறம் இரண்டு தட்டு. ஏழு என்பது ஐந்து மௌனம், அப்புறம் மூன்று தட்டு. வித்தியாசம் ஒரே ஒரு தட்டு. இ எ ஆனால் "அடகு எல்லை" என்று வெளியே வரும். எதிராளி சும்மா இருப்பாரா, எல்லை வரைக்கும் அடகு என்றுதான் அம்மா சொல்லியிருக்கிறாள் என்பார்.

4 கோடியே 40 லட்சம் சுற்றில் ஏதோ ஒன்றில், தூக்கக் கலக்கத்தில் ஒருவன் ஒரு தட்டு கூடுதலாக அடித்தாலும் போதும். அல்லது குழாய்க்குள் ஒரு சொட்டு விழுந்தாலும்.

மூன்றாம்யாமம்:

பத்தாவது அத்தியாயத்தை அழித்துவிட்டேன். மகளை இனிக் கேட்க வருபவளாக வைக்கப்போவதில்லை. அந்த நான்கு பேரில் ஒருத்தி அவள்தான், இராமுறைக்காரி, பதினான்கு வருடமாக அந்த ஆறு எழுத்தை அடித்துக்கொண்டிருக்கிறாள், என்ன அடிக்கிறோம் என்று தெரியாமல். கேட்கும் நாள் வரை அடிப்பவர்களுக்குத் தொடக்கம் எது என்று சொல்லித்தரக் கூடாது என்பது ஊர்க்கட்டுப்பாடு.

ஒரே ஒரு சந்தேகம் பாக்கி. முறை மாறும்போது சுத்தியைக் கைமாற்றுவது எப்படி, தாளம் விட்டுப்போகாதா?

பழையவானொலி:

இரண்டு சுத்தி. வருகிறவர் பக்கத்தில் உட்கார்ந்து சில சுற்றுகள் தன் தொடையில் தட்டிப் பழகிக்கொள்ளட்டும், அப்புறம் இரண்டு பேரும் சேர்ந்து ஒரு சுற்று அடிக்கட்டும், அதற்கடுத்த சுற்றில் முதல் ஆள் கையை எடுத்துக்கொள்ளலாம்.